பிரெஞ்சு நடிகர் ழான் தாஸ்தேயை நீங்க முதல்ல எந்தப் படத்துல பார்த்தீங்க?

சரவணன்:
எனக்கு முதல்ல சிக்கினது வயசான தாஸ்தே. 1970-ல பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோ எடுத்த 'காட்டுப் பையன்' படத்துல பினெல் டாக்டரா வருவாரே, அவர்தான். இந்தப் பையன் தேற மாட்டான், காப்பகத்துக்கு அனுப்பிடலாம்னு அசராம சொல்லுவார். அந்த ஆள் மேல எரிச்சல் வந்துச்சே தவிர, பேரைக் கவனிக்கலை.

ரொம்ப நாள் கழிச்சு இயக்குநர் ழான் வீகோவோட 'லாத்தலாந்த்' (1934) பார்த்தேன். சரக்குப் படகு ஓட்டுற இளைஞன், தாலி கட்டின கையோடன்னு நாம சொல்லுவோமே, அப்படி சர்ச்லேர்ந்து நேரா படகுக்குப் பொண்டாட்டியைக் கூட்டிட்டுப் போறான். தண்ணிக்குள்ள கண்ணைத் திறந்தா மனசுக்குப் பிடிச்சவங்க முகம் தெரியும்னு அவ சொல்றா. இவன் வாளிக்குள்ள தலையை முக்கிக் கேலி பண்றான். அவ பிரிஞ்சு போனப்புறம் ஒருநாள் நிஜமாவே ஆத்துல குதிக்கிறான். கல்யாண உடுப்போட அவ தண்ணிக்குள்ள சிரிக்கிறா. அதுக்கு மேல என்னால உட்கார முடியலை, எழுந்து போய் முகம் கழுவிட்டு வந்தேன். நடிகர் யார்னு தேடினா, அந்த டாக்டர்!

கவிதா:
எனக்கு நேர்மாறு அண்ணா. காலேஜ் ஃபிலிம் கிளப்ல வீகோவோட 'நடத்தைக்கு சுழியம்' (1933) போட்டாங்க. அதுல தாஸ்தே ஊகேங்கிற வாத்தியார். சாப்ளின் மாதிரி நடந்து காட்டுவார், மேஜை மேல தலைகீழா நின்னுக்கிட்டே படம் வரைவார். பிரான்ஸ்ல இரண்டாம் உலகப் போர் முடியிற வரைக்கும் தடை பண்ணி வெச்சிருந்த படம் அது. வீகோ 29 வயசுலயே போயிட்டாரு. இயக்குநர் ரெனுவாரோட 'மாபெரும் மாயை'யில (1937) தாஸ்தே போர்க் கைதியா மாட்டின வாத்தியார். எனக்கு மூணாவது தடவை பார்க்கிறப்பதான் கண்ணுல பட்டார். லாத்தலாந்த்ல மட்டும் என்னவாம், கூட நடிச்ச மிஷேல் சீமோன் பூனைக்குட்டிகளோட வந்து நின்னா வேற யாரைப் பார்ப்போம்?

நவீன், சாந்த்-எத்தியேன்:
நான் படத்துல பார்க்கலை, பிரான்ஸ்ல இந்த ஊர்ல அவர் பேரைத்தான் பார்த்தேன். படிக்க வந்த புதுசுல ஓசி டிக்கெட்ல நாடகம் பார்க்கப் போனேன், அந்த அரங்குக்கே ழான் தாஸ்தேன்னு பேர். யாரோ மேயர்னு நினைச்சுட்டேன்! பக்கத்து சீட் பாட்டிதான் விளக்கினாங்க. நாடக மேதை ழாக் கோப்போவோட மருமகன். 1947-ல இந்த நிலக்கரி ஊர்ல நாடகக் கம்பெனி ஆரம்பிச்சிருக்கார். சுத்துவட்டார ஊர்கள்ல கூடாரம் போட்டு, தியேட்டர் பக்கமே எட்டிப் பார்க்காத சுரங்கத் தொழிலாளிகளுக்கு மோலியேர் நாடகம். ஜெர்மன் நாடக ஆசிரியர் பிரெக்டோட நாடகங்களை பிரான்ஸ்ல மேடை ஏத்தின ஆரம்பகால ஆட்கள்ல இவரும் ஒருத்தர். இருபது வருஷத்துக்கு மேல இந்த வேலைதான். சினிமாவுல நடு நடுவுல காணாமப் போறாரே, அப்பல்லாம் இங்கதான் இருந்திருக்கார். 1994-ல 90 வயசுல இறந்தார். பாட்டி சின்ன வயசுல கூடாரத்துல பார்த்தாங்களாம். நாடகம் மறந்துபோச்சு, மர பெஞ்சு குத்தினது ஞாபகம் இருக்குன்னாங்க.

சரவணன்:
நவீன், இது எனக்குத் தெரியாது! த்ரூஃபோ 1977-லயும் கூப்பிட்டிருக்கார், 'பெண்களை நேசித்தவன்' படத்துல. அதுலயும் டாக்டர்தான் 😀