நூலகத்துக்குள் தொங்கும் திமிங்கிலம்: காப்ரியேல் ஒரோஸ்கோவின் சிற்பம் பார்த்த அனுபவம்

மெக்சிகோ சிட்டியில் புவெனாவிஸ்தா ரயில் நிலையத்தை ஒட்டியே வாஸ்கோன்செலோஸ் நூலகம் இருக்கிறது. உள்ளே புத்தக அலமாரிகள் எல்லாம் அந்தரத்தில் தொங்குகின்றன. அவற்றுக்கு நடுவே, தானும் தொங்கிக்கொண்டு, ஒரு சாம்பல் திமிங்கிலத்தின் முழு எலும்புக்கூடு. மெக்சிகோ கலைஞர் காப்ரியேல் ஒரோஸ்கோ 2006-இல் செய்த ‘மாட்ரிக்ஸ் மோவில்’.

கீழே நின்று பார்த்தால் ஏதோ மியூசியத்துப் பொருள் என்றுதான் தோன்றும். மாடி ஏறி, எலும்பு கண் மட்டத்துக்கு வந்த பிறகுதான் பென்சில் கோடுகள் தெரிந்தன. ஒரு புள்ளியைச் சுற்றி வட்டம், அதைச் சுற்றி இன்னொன்று என்று விரிந்துகொண்டே போய்ப் பக்கத்து வட்டங்களோடு முட்டுகின்றன. எல்லாம் வெறும் கிராஃபைட். எலும்பு மேடேறும் இடத்தில் கோடும் ஏறுகிறது. கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் அங்கேயே நின்றேன். மெக்சிகோவின் வடமேற்கு மாநிலமான பாஹா கலிஃபோர்னியா சூரின் கடற்கரை மணலில் கிடந்த எலும்புகள் இவை.

ஒரோஸ்கோ 1962-இல் ஹலாப்பாவில் பிறந்தவர். அப்பா சுவரோவியர், மெக்சிகோவின் புகழ்பெற்ற அரசியல் சுவரோவியரான சிகேரோஸோடு வேலை செய்தவர். அப்படிப்பட்ட வீட்டுப் பிள்ளை பெரிய சுவரையும் பெரிய முழக்கத்தையும் விட்டுவிட்டு, பட்டறைகூட வேண்டாம் என்று தெருவில் இறங்கினார். 1992-இல் தன் உடல் எடைக்குச் சமமான பிளாஸ்டிசின் (பிசையும் செயற்கைக் களிமண்) உருண்டையைத் தெருவில் உருட்டினார். தூசியும் கல்லும் சாக்கடை மூடியின் தடமும் அதில் பதிந்தன. அதுதான் சிற்பம். 1993-இல் வெனிஸ் பியனாலே என்னும் சர்வதேசக் கலைக் கண்காட்சியில் தரையில் ஒரு காலி ஷூ டப்பாவை வைத்தார்.

என்னைக் கேட்டால், திருப்பம் 1997-இல்தான். நுரையீரல் பாதிப்பிலிருந்து மீண்டுவந்த காலத்தில், ஒரு மனித மண்டையோட்டின் மீது சதுரங்கக் கட்டங்களைக் கிராஃபைட்டால் மாதக்கணக்கில் வரைந்தார். கிடைத்ததை ஒரே அசைவில் மாற்றிவந்த கை, உட்கார்ந்து உழைக்கத் தொடங்கியது அங்கேதான். அந்தப் பொறுமை இல்லாமல் இந்தத் திமிங்கிலம் வந்திருக்காது. பிறகு தங்கத் தகடு பதித்த வட்ட ஓவியங்கள் வந்தபோது, பழைய துணிச்சல் போய்விட்டது என்று சிலர் குறைப்பட்டார்கள். நான் ஒப்புக்கொள்ள மாட்டேன், அதே வட்டங்கள்தானே? 2019 முதல் மெக்சிகோ சிட்டியின் பெரிய பூங்காவான சாபுல்தெபெக் காட்டின் புனரமைப்புத் திட்டத்தையும் அவரே முன்னின்று நடத்தினார். கலைக்கான நிதி சுருங்கிய நேரத்தில் இது தேவையா என்று அங்குள்ள கலைஞர்கள் கேட்டது நியாயமான கேள்வி.

1993-இல் சிட்ரோயன் காரை நீளவாக்கில் மூன்றாக அறுத்து, நடுப்பகுதியை எடுத்துவிட்டு ஒட்டினாரே, அந்த ‘லா டிஎஸ்’ஸை நான் படத்தில்தான் பார்த்திருக்கிறேன். எஞ்சின் இல்லை, ஆனாலும் பறப்பதுபோல் இருக்கிறது. நேரில் பார்த்தவர்கள் எழுதுங்கள். ஒட்டிய இடம் கண்ணுக்குத் தெரிகிறதா?