ஒலிக்காத எழுத்துக்கு மந்திர ஆற்றல் தரலாமா?

கேள்வி (சேலம்): ஏற்காட்டை மனத்தில் வைத்து நான் புனையும் மலைநாட்டில், சேர்வராயன் குகைக் கோயிலைப் போன்றதொரு குகைக்குள் பூசாரிகள் ஒலியெழுப்பாமல் வாயசைத்துச் சில எழுத்துகளைச் சொல்ல, மூடுபனி விலகுகிறது. கேளாத ஒலியை எழுத்தென்று வாசகர்கள் ஏற்பார்களா?

மறுமொழி 1: நிச்சயமாக ஏற்பார்கள், ஐயா. 'பாக்கு' என்னும்போது ககர மெய்க்காக அடிநா அண்ணத்தை அடைத்து நிற்கும் கணத்தில் ஓசையே இல்லை; ஆயினும் 'பாகு' என்னும் சொல்லிலிருந்து அதைப் பிரித்துக் காட்டுவதில் அந்த அடைப்புக்கே பெரும்பங்கு உண்டு. ஆற்றலை அந்த மௌனத்தில் வையுங்கள்.

மறுமொழி 2: கால அளவும் வேண்டும். மெய்க்கு அரை மாத்திரை, குறுகி ஒலிக்கும் மகர மெய்யான மகரக்குறுக்கத்துக்குக் கால் மாத்திரை என்பது நம் இலக்கணம். உங்கள் எழுத்து அதனினும் குறுகட்டும். சற்றே நீண்டால் பனி திரும்பி வரட்டும்.

கேட்டவர்: இருவருக்கும் நன்றி. 'பாக்கு' எடுத்துக்காட்டிலிருந்தே தொடங்குகிறேன்.