சஸ்பென்ஷன் அப்பீலுக்குப் பதிலே வரவில்லை: ஹைகோர்ட் உத்தரவு வாங்கும்போது பார்க்க வேண்டியவை

பாரிமுனை வழக்கறிஞர்:
அப்பீல் மாதக்கணக்கில் கிடப்பில் கிடந்தால் அரசமைப்பின் 226-ஆவது பிரிவில் ரிட் மனு போட்டு மேண்டமஸ், அதாவது ‘உன் கடமையைச் செய்’ என்று அதிகாரிக்கு இடும் உத்தரவு, கேட்கலாம். மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் 2006-இல் கலைக்கப்பட்டதால் மாநில ஊழியர்களுக்கு நேராக ஹைகோர்ட்தான். அரசு வக்கீல் நோட்டீஸ் பெற்றுக்கொண்டதும், மனுவை ஏற்பதா என்று பார்க்கும் அட்மிஷன் கட்டத்திலேயே ‘8 வாரத்தில் பரிசீலித்து முடிவெடுக்கவும்’ என்பதுபோல் உத்தரவாகிவிடுவது வழக்கம். வேலையே திரும்பக் கிடைத்துவிட்டது என்று பலர் நினைத்துவிடுகிறார்கள். அப்படி இல்லை. பதில் சொல் என்கிறது கோர்ட். என்ன பதில் என்பதை அதிகாரியிடமே விடுகிறது. நிராகரித்தால் அந்த உத்தரவை எதிர்த்துப் புது ரிட் போட வேண்டும்.

கோளாறு பெரும்பாலும் இதற்குப் பிறகுதான். அந்த 8 வாரம் ‘உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து’ என்றே எழுதியிருக்கும். சான்றிட்ட நகலோடு அப்பீலின் பிரதியையும் சேர்த்து அந்த அதிகாரியின் அலுவலகத் தபால் பிரிவில் கொடுத்து முத்திரை வாங்குங்கள். ஸ்பீட் போஸ்டிலும் அனுப்புங்கள். இந்த அத்தாட்சி இல்லாவிட்டால், கெடுவுக்குள் முடிவெடுக்கவில்லை என்று நீங்கள் போடும் கோர்ட் அவமதிப்பு மனுவில் ‘நகலே வரவில்லை’ என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். அந்த மனுவுக்கும் 1 ஆண்டுதான் காலக்கெடு.

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர், சேப்பாக்கம்:
சார் சொன்னதோடு ஆபீஸ் பக்கத்தையும் சொல்கிறேன். அப்பீல் மேலதிகாரிக்கு என்றாலும், சஸ்பெண்ட் செய்த அலுவலகத்தின் பத்திவாரிக் குறிப்புரை (அப்பீலின் ஒவ்வொரு பத்திக்கும் அது எழுதும் பதில்) போய்ச் சேராமல் அங்கே கோப்பு நகராது. தகவல் உரிமைச் சட்டத்தில் கோப்பு எண், குறிப்புரை அனுப்பிய தேதி, இப்போது யாரிடம் நிலுவை என்ற மூன்றை மட்டும் கேளுங்கள். 30 நாளில் வரவேண்டிய பதில் அது. வந்தால் ரிட்டில் அப்படியே இணைக்கலாம். எதிர்மனுதாரர்களில் இரண்டு அதிகாரிகளையும் சேருங்கள். ஒருவரை விட்டால் பந்து அவர் பக்கம் தள்ளப்படும்.

சஸ்பென்ஷன் காலத்தில் தரும் பிழைப்பூதியத்துக்கு ‘வேறு வேலையில் இல்லை’ என்ற சான்றை மாதந்தோறும் கொடுத்துவிடுங்கள். இது நின்றால் வீட்டில் அடுப்பு நின்றுவிடும்.

பெசன்ட் நகர், மத்திய அரசு ஊழியர்:
எங்களுக்கு வழி வேறு. அப்பீல் 45 நாளுக்குள் போட வேண்டும். பதில் இல்லாமல் 6 மாதம் போனால், அதிலிருந்து 1 ஆண்டுக்குள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குப் போகலாம். ஆனால் முதலில், சஸ்பென்ஷனைத் தொடர்வதா என்று 90 நாளுக்குள் செய்ய வேண்டிய மறுஆய்வு நடந்ததா என்று பாருங்கள். நடக்காவிட்டால் சஸ்பென்ஷன் செல்லாது. தீபக் மாலி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை உறுதிசெய்தது. சிறையில் இருந்தவர்களுக்கு 90 நாள் கணக்கு வேறு மாதிரி.

பாரிமுனை வழக்கறிஞர்:
நல்ல குறிப்பு. மாநில ஊழியர்கள் பலர் உச்ச நீதிமன்றத்தின் அஜய் குமார் சௌத்ரி (2015) தீர்ப்பைக் காட்டி ‘3 மாதம் தாண்டினாலே ரத்து’ என்று நம்புகிறார்கள். 2022-இல் சென்னை ஹைகோர்ட்டின் முழு அமர்வு அதைக் கறாரான விதியாக ஏற்கவில்லை. அதனால் குற்றச்சாட்டுக் குறிப்பாணை (சார்ஜ் மெமோ) வந்ததா, விசாரணை எந்த நிலையில் நிற்கிறது, உங்களை வேலையில் சேர்த்து வேறு இடத்துக்கு மாற்றினால் சாட்சிகளுக்கு இடையூறு வருமா என்பதையெல்லாம் அப்பீலிலேயே எழுதிவிடுங்கள். அப்பீலில் இல்லாததை ‘பரிசீலி’ என்ற உத்தரவு கொண்டுவந்து சேர்க்காது.