காப்பீடு போட்டால் அதிர்ஷ்டம் சமமாகிவிடுமா?

தராசுமுள்:
பக்கத்து இழையில் நேர்கோடு எழுதியிருப்பது: “பிறவி அதிர்ஷ்டத்தால் வரும் ஏற்றத்தாழ்வை எப்படி ஈடுகட்டுவது என்பதைத் தத்துவவாதி ட்வொர்கின் 1981-லேயே முடித்துவிட்டார். ஊனம் யாருக்கு வரும் என்று தெரியாத நிலையில் எல்லோரும் எவ்வளவுக்குக் காப்பீடு எடுப்பார்களோ, அதற்கான தவணையை வரியாகப் பிடித்து ஊனத்தோடு பிறந்தவருக்குக் கொடுத்தால் தீர்ந்தது. அறிவுள்ள எவனும் ஊனப்பட்டால் கூடுதலாகக் கிடைக்கும்படிதான் எடுப்பான்.”

மற்றதை விட்டுவிடலாம், அந்தக் கடைசி வரியை விட முடியாது. அறிவுள்ளவன் குறைவாகக் கிடைக்கும்படிதான் எடுப்பான். கணக்கு இதோ.

மொத்தம் 100 அலகு பணம், இரண்டு பேர். எந்த ஆளாகப் பிறப்போம் என்பது பாதிக்குப் பாதி. உடல்நலம் உள்ளவருக்கு அ அலகு கிடைத்தால் அவர் பெறும் நலம், அதாவது வாழ்க்கைப் பயன், √அ. ஊனமுள்ளவர் அதே அலகிலிருந்து பாதி நலமே பெறுகிறார்: ½√ஆ. எதிர்பார்ப்பு நலம் (இரு வாய்ப்புகளின் சராசரி) உச்சத்தைத் தொட, கடைசி அலகு இரு பக்கமும் ஒரே பயன் தர வேண்டும். அப்படியானால் ஆ என்பது அ-வில் கால்பங்கு. 80, 20. ஊனமுள்ளவருக்கு 20. இதில் எதிர்பார்ப்பு நலம் 5.59. சரிபாதியாகப் பிரித்தால் 5.30. இருவர் நலமும் சமமாக வேண்டுமென்று ஆ-வுக்கு 80 கொடுத்தால் 4.47. உங்கள் அறிவாளி 5.59-ஐ வீசிவிட்டு 4.47-க்கு ஏன் போகிறான்? பொருளியலாளர் ரோமர் 1985-இல் சொன்னதன் சாரம் இதுதான்.

நேர்கோடு:
ட்வொர்கின் நலத்தைச் சமமாக்கச் சொல்லவே இல்லை, ஐயா. 1981-இல் வந்தது இரண்டு பகுதி. முதல் பகுதி முழுக்க நலச் சமத்துவத்தை உடைப்பதற்கே. இரண்டாவதில்தான் அவருடைய கற்பனைத் தீவு வருகிறது. கரையொதுங்கியவர்கள் எல்லோருக்கும் சம எண்ணிக்கையில் கிளிஞ்சல், அதுதான் அங்கே பணம். ஒவ்வொரு பொருளுக்கும் விலை கூறு. எதுவும் மிஞ்சாமல், எதற்கும் இருவர் முட்டிக்கொள்ளாமல் விலை பொருந்தும்வரை ஏலத்தைத் திரும்ப ஓட்டு. அடுத்தவன் மூட்டை என்னுடையதைவிட மேல் என்று ஒருவரும் நினைக்காதபோது நிறுத்து. காப்பீடு அதன் தொடர்ச்சி. இதில் உங்கள் √ எங்கே இருக்கிறது?

தராசுமுள்:
காப்பீட்டின் அளவை வாங்குகிறவன் எதை வைத்து முடிவுசெய்வான், கிளிஞ்சலின் நிறத்தை வைத்தா? பணம் எந்த நிலைமையில் தனக்கு அதிகம் உதவும் என்று பார்த்துத்தான். பார்த்தால் 20. நலத்தை வாசலில் விரட்டினீர்கள், அது காப்பீட்டுப் படிவத்தில் கையெழுத்துப் போட்டுக்கொண்டு உள்ளே வருகிறது.

அடிக்குறிப்பு:
இரண்டு விஷயம். ஒன்று, “பாதி நலம்” என்ற எடுத்துக்காட்டு ரோமருடையது அல்ல. அமர்த்திய சென் 1973-இல் வைத்தது. மொத்த நலத்தைக் கூட்டிப் பார்க்கும் பயன்பாட்டுவாதம் ஊனமுள்ளவருக்குக் குறைவாகக் கொடுத்துவிடும், ஆகவே பயன்பாட்டுவாதமே கோளாறு என்று காட்டத்தான் அவர் அதை வைத்தார். நீங்கள் அதே கணக்கை அறிவின் இலக்கணம் ஆக்குகிறீர்கள். இரண்டு, “ஊனம்” என்று எதைச் சொல்கிறோம்? பணத்தை நலமாக மாற்றும் திறன் குறைவதையா, கூடுதல் செலவு வருவதையா? அதைச் சொல்லாமல் எண் பேசுவது வீண்.

தராசுமுள்:
சாரம் என்றேன், எடுத்துக்காட்டு என்று சொல்லவில்லை. வேறோர் இழையில் உங்கள் கணக்கு ஒன்றைத் திருத்தினேன். அந்தப் புண் இன்னும் ஆறவில்லை போலும். சென் எதற்காக வைத்தார் என்பதல்ல கேள்வி. யாராகப் பிறப்போம் என்று தெரியாமல் திரைக்குப் பின்னால் நிற்கும் ஆள் என்ன வாங்குவான் என்பதே கேள்வி. 20.

கூர்முனை:
20, 20 என்று ஏலம் போடுவதற்கு முன் உங்கள் சூத்திரத்தையே ஒருமுறை படியுங்கள். ½√ஆ என்பது √(ஆ/4). அதாவது ஊனமுள்ளவரிடம் ஒரு அலகு கால் அலகாகத் தேய்கிறது, அவ்வளவே. அந்தக் கால்பங்கை அப்படியே வைத்துக்கொண்டு √-ஐ மட்டும் மாற்றுகிறேன். மடக்கை (log) போட்டால் 50-50. −1/அ வடிவம் போட்டால் 33.3 மற்றும் 66.7. ஊனமுள்ளவருக்குத்தான் 66.7! இடர்தவிர்ப்புக் கெழு, அதாவது ஆள் இடருக்கு எவ்வளவு அஞ்சுகிறான் என்ற அளவு, ½ ஆக இருந்தால் (உங்கள் √) ஊனமுள்ளவருக்கு உங்கள் 20, 1-இல் 50, 2-இல் 66.7, 3-இல் 71.6. எல்லைக்கோடு 1. நீங்கள் கோட்டுக்குக் கீழே ஓர் எண்ணைப் பொறுக்கி எடுத்துக்கொண்டு அதற்கு அறிவு என்று பேர் வைத்திருக்கிறீர்கள்.

கூடுதல் செலவு வகை ஊனம் என்றால் இன்னும் எளிது. மற்றவர் நிலைக்கு வருவதற்கே 30 அலகு வேண்டும் என்று வையுங்கள், √(ஆ−30). உங்கள் செல்ல √-இலேயே 35, 65 வருகிறது.

நேர்கோடு:
ஆக, நான் சொன்னதுதான் சரி.

தராசுமுள்:
நீங்கள் சொன்னது “அறிவுள்ள எவனும்”. கூர்முனை சொல்வது “கெழு 1-ஐத் தாண்டியவன்”. இரண்டும் ஒன்றா? உங்கள் பல்லக்கை அவர் தூக்குகிறார் என்று நினைத்துக் கையசைக்காதீர்கள்.

கூர்முனைக்கு: 100 அல்லது 0 என்று பாதிக்குப் பாதி வாய்ப்புள்ள ஒரு சீட்டு. √ ஆள் அதை 25 அலகுக்கு விற்பான். உங்கள் மடக்கை ஆள் எவ்வளவு அற்பமான தொகை கொடுத்தாலும் விற்றுவிடுவான். அப்படி ஒரு கோழையை நிறுத்திவைத்து நீதி வாங்குகிறீர்கள். இருவர் நலமும் சமமாகும் 80 வர வேண்டுமானால் கெழு முடிவிலி. அதாவது தத்துவவாதி ரால்ஸின் ஆள், மிக மோசமான நிலையை மட்டும் பார்த்துத் தேர்ந்தெடுக்கிறவன். அந்தப் பயந்தாங்கொள்ளித்தனத்தை பொருளியலாளர் ஹர்சானி 1975-லேயே கிழித்தாயிற்று.

கூர்முனை:
பூஜ்யத்தை வைத்து வித்தை காட்ட வேண்டாம். 100 அல்லது 50 என்று சீட்டு வையுங்கள். √ ஆள் 72.9-க்கு விற்பான், −1/அ ஆள் 66.7-க்கு விற்பான். இந்த ஆறு அலகு வித்தியாசத்தில் உங்கள் 20 போய் 66.7 வந்துவிடுகிறது. ஆறு அலகு கோழைத்தனம்! எது சரியான கெழு, ஏன், இதற்குப் பதில் வேண்டும்.

சொல்லேர்:
இடையில் ஒன்று. பல இழைகளில் ‘தானாய் வந்து விழும் அதிர்ஷ்டம்’ என்பதற்கு நேர்கோடு ‘ஊழ்’ என்று எழுதுகிறார். தவறு. ஊழ் என்றால் முன்வினையின் பயன். அதாவது அனுபவிக்கிறவனுக்கு உரியது. ட்வொர்கின் சொல்வது எதிர்பாராமல் தலையில் விழும் விண்கல், யாருக்கும் உரியதல்ல. ‘ஊழ்’ என்று எழுதிய கணமே வாதம் கவிழ்கிறது.

நேர்கோடு:
ஊழ் என்பதற்கு முறை என்றும் பொருள் உண்டு. அகராதியைப் புரட்டுங்கள்.

சொல்லேர்:
முறை என்றால் இன்னும் மோசம். முறைப்படி வந்ததற்கு எதற்கு இழப்பீடு?

தராசுமுள்:
சொல்லேர் சரி. நேர்கோடு வழக்கம்போல.

நடுவில்:
தத்துவவாதி எலிசபெத் ஆண்டர்சன் 1999-இல் கேட்ட கேள்வி உங்கள் ஒருவருக்கும் ஞாபகம் வரவில்லையா? காப்பீடு இல்லாமல் வண்டியை ஓட்டித் தானே விபத்தை உண்டாக்கியவனை, “உன் தேர்வு, உன் அதிர்ஷ்டம்” என்று சாலையோரத்தில் சாக விடுவதா? மறுபக்கம், “நீ பிறவியிலேயே குறைந்தவன், இந்தா 66.7” என்று கடிதம் அனுப்புவதா? இது இரக்கம், சமத்துவம் அல்ல. சக்கர நாற்காலிக்காரருக்குத் தேவை கட்டடத்தில் சாய்தளம். 20-ஆ 80-ஆ என்ற கேள்வியே கோணல்.

தராசுமுள்:
சாய்தளம் கட்டும் செலவு 100-க்குள்ளேயா, வெளியேயா? உள்ளே என்றால், எத்தனை அலகு என்று யாரோ முடிவுசெய்ய வேண்டும். முடிவுசெய்யும் ஆள் திரைக்குப் பின்னால் நின்றால் மறுபடியும் 20. வெளியே என்றால் அந்தப் பணம் எங்கிருந்து முளைக்கிறது?

நடுவில்:
திரைக்குப் பின்னால் எதற்கு நிற்க வேண்டும் என்றுதான் கேட்கிறேன். குடிமகனாகப் பொது இடத்தில் நுழைய என்ன வேண்டுமோ அது.

தராசுமுள்:
எத்தனை அலகு?

அடிக்குறிப்பு:
ஊனம் என்று எதைச் சொல்கிறோம் என்ற என் கேள்வி இன்னும் அங்கேயே நிற்கிறது. கூர்முனையின் 65-உம் தராசுமுள்ளின் 20-உம் ஒரே √-இல் வருகின்றன. மாறியது ஊனத்தின் வரையறை மட்டும்.

தராசுமுள்:
30 அலகு செலவில் மற்றவர் நிலைக்கு முழுதாக வந்துவிடலாம் என்றால் அது ஊனமே இல்லை, கூடுதல் செலவு. ட்வொர்கின் காட்டும் பார்வையின்மையில் எத்தனை கிளிஞ்சல் கொடுத்தாலும் பார்வை திரும்பாது. ஆகவே தேய்மானக் கணக்குத்தான். ஆகவே 20.

கூர்முனை:
தேய்மானக் கணக்கிலேயே கெழு 2-க்கு 66.7 காட்டியாயிற்று. எது சரியான கெழு, ஏன்? இரண்டாம் முறை கேட்கிறேன்.

தராசுமுள்:
1-க்கு மேல் என்று நிரூபிக்க வேண்டியது நீங்கள். “எவனும்” என்று சொன்னது உங்கள் தரப்பு.

கூர்முனை:
என் தரப்பு இல்லை, நேர்கோட்டின் தரப்பு. “அறிவுள்ளவன் குறைவாகத்தான் எடுப்பான்” என்று இழையைத் திறந்தது யார்? மேலே போய்ப் பாருங்கள், முதல் பதிவு.

நேர்கோடு:
என் பேரை எதற்கு இழுக்கிறீர்கள்? ஊழுக்கு அகராதியில் முதல் பொருள் என்ன போட்டிருக்கிறது என்று சொல்லேர் இன்னும் சொல்லவில்லை.