பெரிய வீட்டு குரூப்பில் முசுறு பஞ்சாயத்து

செல்வம் சித்தப்பா: எல்லாருக்கும் ஒரு விஷயம். நாளைக்கு காலைல மாமரத்துக்கு மருந்து அடிக்க ஆள் வரச்சொல்லிட்டேன், முசுறு எறும்பு தொல்லை தாங்க முடியல, நேத்து மாடியில துணி எடுக்கப் போன பாப்பா கழுத்துல ரெண்டு ஏறி கடிச்சு ராத்திரி பூரா அழுகை

ராஜி அத்தை: ஐயோ புள்ளைக்கு இப்ப எப்படி இருக்கு

மாலா சித்தி: பரவால்ல அண்ணி, ஐஸ் வெச்சேன் அடங்கிடுச்சு. இப்ப அதே மாடியில தான் ஆட்டம்

பாஸ்கர் மாமா: செல்வம் இது அந்த திண்டுக்கல் எறும்பா இருக்கப்போவுது பாத்துக்கோ, 2022ல நத்தம் பக்கம் கரந்தமலையில கூட்டம் கூட்டமா வந்துச்சே, ஆடு மாட்டுக்கெல்லாம் கண்ணு போச்சுன்னு டிவில காட்டுனான். வீடியோ தேடி போடறேன்

கவிதா: மாமா வீடியோ போடாதீங்க ப்ளீஸ், ஏற்கனவே சித்தப்பா கோவத்துல இருக்காரு. அது மஞ்சள் கிறுக்கு எறும்பு, வேற ஜாதி. சித்தப்பா ஒரு போட்டோ எடுத்து போடுங்களேன்

செல்வம் சித்தப்பா: அனுப்பிட்டேன் பாரு

தினேஷ்: சித்தப்பா இதுல உங்க கட்டைவிரல் மட்டும் தான் தெரியுது

செல்வம் சித்தப்பா: இப்ப பாரு. நாலு கடி வாங்கிட்டு எடுத்தது

கவிதா: சூப்பர், இது நம்ம ஊரு முசுறே தான். செங்கல் கலர், கிட்டத்தட்ட ஒரு சென்டிமீட்டர் நீளம், கை கிட்ட போனதும் பின்பக்கத்தை தூக்கிட்டு வாயைப் பொளந்து நிக்குது பாருங்க, கூடும் மரத்து மேல இலையில. மாமா சொல்றது இதுல பாதி தான் இருக்கும், வெளிறின மஞ்சள், உடம்புக்கு சம்பந்தமே இல்லாம நீட்டு நீட்டு காலு, தொந்தரவு பண்ணா நாலு பக்கமும் கிறுக்கு புடிச்ச மாதிரி ஓடும், கூடு கல்லுக்கடியில சருகுக்கடியில. அது கடிக்காது, ஆசிட்டை பீச்சும், அதான் கண்ணுக்கு ஆபத்து. முசுறு கடிச்சுட்டு கடிவாயிலயே அதே ஆசிட்டை விடும், அதான் இந்த எரிச்சல்

பாஸ்கர் மாமா: ரெண்டும் ஆசிட் தானே அப்புறம் என்ன நல்ல எறும்பு கெட்ட எறும்பு

கவிதா: முசுறு இந்த மண்ணுலயே இருந்து வர்றது மாமா, அதுக்கு ஒரு கணக்கு இருக்கு. அந்த மஞ்சளு புது இடத்துல ஏகப்பட்ட ராணியோட பெருகி மத்த எறும்பையெல்லாம் விரட்டிடும், கிறிஸ்துமஸ் தீவுல கோடிக்கணக்குல செந்நண்டையே கொன்னு தீர்த்துச்சு. சித்தப்பா, நம்ம முந்திரில தேயிலைக் கொசுன்னு சாறு உறிஞ்சற பூச்சி வந்து கொழுந்து கருகுதுன்னு வருஷா வருஷம் மருந்துக்கு அழறீங்க, முசுறு இருக்கற மரத்துல அது குறைவா தான் இருக்கும். புழு, பூச்சி எதுவா இருந்தாலும் நாலு பேரு சேந்து புடிச்சு இழுத்துட்டு போயிடும். சீனாவுல ஆயிரத்து எழுநூறு வருஷத்துக்கு முன்னாடியே ஆரஞ்சு தோட்டத்துக்குன்னு இந்த கூட்டை பையில கட்டி சந்தையில வித்திருக்காங்க

தினேஷ்: ஒடிசாவுல சட்னி அரைக்கறாங்க, அதுக்கு 2024ல புவிசார் குறியீடு கூட குடுத்தாச்சு. சித்தி ட்ரை பண்ணுங்க

மாலா சித்தி: நீ வாடா உனக்கே அரைச்சு வெக்கறேன்

செல்வம் சித்தப்பா: எல்லாம் சரிம்மா, ஆனா முசுறு இருக்கற கிளையில தான் மாவுப்பூச்சியும் அப்பிக் கிடக்கு, அதுக்கு என்ன சொல்ற

கவிதா: அது உண்மை தான் சித்தப்பா, இல்லன்னு சொல்லமாட்டேன். மாவுப்பூச்சி விடற இனிப்பு தண்ணிக்காக அதை ஆடு மேய்க்கற மாதிரி காவல் காக்கும். அந்த கிளையை மட்டும் வெட்டிடுங்க. மருந்து அடிச்சா முசுறோட சேந்து தேனீயும் தான் போகும். ஆமா, மாடிக்கு எப்படி வருது, கிளை சன்ஷேடை தொடுதா?

மாலா சித்தி: கிளையும் தொடுது, இவரு துணி காயப்போட கொடியையும் அந்த மரத்துல தான் கட்டி வெச்சிருக்காரு, நான் ஆறு மாசமா சொல்றேன்

ராஜி அத்தை: அட செல்வம்! ரோடு போட்டு குடுத்துட்டு வண்டி வருதுன்னு அழுவறியா

செல்வம் சித்தப்பா: சரி சரி கொடியை அவுக்கறேன். மருந்துக்காரனை வேண்டாம்னுட்டேன்

மறுநாள் சாயங்காலம்

மாலா சித்தி: கிளை வெட்டியாச்சு கொடி அவுத்தாச்சு, ஆனா இதுங்க லேசுப்பட்டதில்ல கவி, வெட்டின முனையில ஒண்ணோட இடுப்பை ஒண்ணு புடிச்சுட்டு சங்கிலி மாதிரி தொங்கி சன்ஷேடை எட்டிப் பாக்குதுங்க. ஒரு சாண் குறையுது. அந்தாண்ட புதுக் கூடு வேற, ஒரு வரிசை இலையோரத்தை இழுத்துப் புடிச்சு நிக்குது, இன்னொண்ணு வாயில வெள்ளையா எதையோ வெச்சுட்டு இந்த ஓரம் அந்த ஓரம் தொட்டுத் தொட்டு எடுக்குது, முட்டையா அது?

கவிதா: முட்டை இல்ல சித்தி, அதோட குட்டிப்புழு. புழு வாயிலேந்து தான் பட்டு நூல் வரும், அதை வெச்சு இலையை ஒட்டுது. பெருசுங்களுக்கு நூல் விட வராது

ராஜி அத்தை: கைக்குழந்தையை வெச்சு வேலை வாங்குதா! பாப்பாவை கூப்ட்டு காட்டு

மாலா சித்தி: ஒரு மணி நேரமா அவளும் நானும் இங்க தான் நிக்கறோம், அடுப்புல பால் பொங்கி போச்சு

செல்வம் சித்தப்பா: அதெல்லாம் இருக்கட்டும், இப்ப மாங்கா யாரு பறிக்கறது

பாஸ்கர் மாமா: தினேஷ் லீவுல வரான்ல

தினேஷ் குரூப்பை விட்டு வெளியேறினார்