பேய்ப் படத்துக்குச் சாம்பிள் வயலினா, வீட்டு ஃப்ரிட்ஜா?

மந்தரஸ்தாயி:
80 நிமிடப் பேய்ப் படம். இசைக்கு நான் ஒரே ஆள், கையில் ஒரு லேப்டாப். இயக்குநர் எடிட்டிங்கில் ஒரு பெரிய படத்தின் இசையைத் தற்காலிகமாக ஒட்டிவைத்து, அதையே கேட்டுக் கேட்டுப் பழகிவிட்டார். இப்போது அதேபோல அறுபது வயலின் வேண்டுமாம். சாம்பிள் லைப்ரரியில், அதாவது முன்பே பதிவு செய்து விற்கும் கருவி ஒலிகளை வைத்துச் செய்தால் பிளாஸ்டிக் பூ மாதிரி இருக்கும் என்றேன். ஃப்ரிட்ஜ் உறுமலைப் பதிவு செய்து, இரண்டு ஆக்டேவ் (ஸ்தாயி) இறக்கிப் போட்டுக் காட்டினேன். "இதெல்லாம் இசையா?" என்கிறார்.

கீபோர்டுக்காரன்:
நான் இயக்குநர் கட்சி. உறுமல், கதவுக் கிரீச் எல்லாம் சவுண்ட் எஃபெக்ட்ஸ் ஆளின் வேலை. படத்துக்கு மெட்டு வேண்டும் நண்பரே. 1978இல் 'ஹாலோவீன்' எடுத்த ஜான் கார்பென்டரிடமும் காசு கிடையாது. அவரே உட்கார்ந்து ஐந்து எண்ணிக்கையில் ஒரு சின்ன மெட்டுப் போட்டார். நாலில் முடியும் என்று காது காத்திருக்கும், இன்னொரு தட்டு வந்து விழும். கால் ஊன்ற இடமே இருக்காது.

மந்தரஸ்தாயி:
சரி, ஆனால் அவர் சின்தசைசரை (மின்னணு ஒலிக் கருவி) வைத்து ஆர்கெஸ்ட்ரா வேஷம் போடவில்லையே! நான் சொல்வதும் அதைத்தான்.

ரீல்பெட்டி:
இரண்டு பேரும் கொஞ்சம் பொறுங்கள். 'சைக்கோ' (1960) குளியலறைக் கொலைக்கு இசையே வேண்டாம் என்றுதான் அதன் இயக்குநர் ஹிட்ச்காக் சொன்னார். இசையமைப்பாளர் பெர்னார்ட் ஹெர்மன் தந்திக் கருவிகளை மட்டும் வைத்து எழுதி, போட்டுக் காட்டினார். மனுஷன் மாறிவிட்டார். இயக்குநரிடம் வாதாடாதீர்கள், போட்டுக் காட்டுங்கள்.

கீபோர்டுக்காரன்:
எதில் போட்டுக் காட்டுவார்? ஃப்ரிட்ஜ் உறுமல் 100 ஹெர்ட்ஸ் என்றே வைத்துக்கொள்வோம். இரண்டு ஆக்டேவ் இறக்கினால் 25. ஃபோன் ஸ்பீக்கரில் அது வரவே வராது. சின்னப் படத்தை நிறைய பேர் ஃபோனில்தான் பார்ப்பார்கள். உங்கள் பேய் அங்கே ஊமை!

மந்தரஸ்தாயி:
அடடா, இது நியாயம். இப்போதுதான் ஃபோனில் கேட்டேன், ஒன்றுமே இல்லை. சாச்சுரேஷன் (ஒலியைக் கொஞ்சம் சிதைத்து மேல் அதிர்வெண்களைச் சேர்ப்பது) ஏற்றிய பிறகு 300, 400 ஹெர்ட்ஸ் பக்கம் லேசாக எட்டிப் பார்க்கிறது. அதை ஒப்புக்கொள்கிறேன்; அறுபது வயலினை ஒப்புக்கொள்ள மாட்டேன். தெரிந்த செல்லோக்காரர் (செல்லோ, வயலின் குடும்பத்துப் பெரிய கருவி) ஒருவரை அரை நாள் கூப்பிடப் போகிறேன். வில்லைக் குதிரைக்கு (தந்திகளைத் தாங்கும் கட்டை) ஒட்டி இழுத்தால் சுரம் உடைந்து, தொண்டை கட்டியவர் முனகுவது போல ஒரு ஒலி வரும். அதையே ஆறு முறை எடுத்து அடுக்கினால் ஒன்றுக்கொன்று இம்மி பிசகும். அந்தப் பிசகு சாம்பிளில் கிடைக்காது.

ரீல்பெட்டி:
நல்ல யோசனை. கதவு திறக்கும் இடத்தில் மட்டும் எதையும் போடாதீர்கள்.

கீபோர்டுக்காரன்:
ஆறு முறை அடுக்கினால் அதுவும் ஆர்கெஸ்ட்ராதானே? மெட்டு எங்கே என்று இன்னும் நீங்கள் சொல்லவே இல்லை.