டெர்ப்சிடோன் வகைக் கருவிக்குத் தமிழ்ப்பெயர்: ஆடலிசையா, அசைவிசையா?

அன்புள்ள குழுவினருக்கு, வணக்கம்.

இசைக்கருவிகள் குறித்த மாணவர் கையேட்டின் மொழிபெயர்ப்பை வெள்ளிக்கிழமைக்குள் அச்சுக்கு அனுப்ப வேண்டும். ரஷ்யக் கண்டுபிடிப்பாளர் லியோன் தெரமின் 1932இல் நியூயார்க்கின் கார்னகி அரங்கில் காட்டிய டெர்ப்சிடோனும், அதன் வழியில் பின்னர் வந்தவையும் அடங்கும் வகைக்கு ஒரு பெயர் தேவை. ஆடுபவரின் காலுக்கடியில் உலோகத் தகடு இருக்கும்; தகடும் உடலும் சேர்ந்து மின்தேக்கியாகிவிடுவதால், உடல் குனிந்து நிமிர்வதற்கேற்ப அலையியற்றியின் அதிர்வெண் மாறிச் சுரம் ஏறி இறங்கும். ‘ஆடலிசைக் கருவி’ எனலாமா?

*

ஐயா, ‘ஆடலிசை’ என்றவுடன் எவரும் நான்காம் வேற்றுமைத்தொகையாகக் கொண்டு, ஆடலுக்கு உரிய இசை என்றே விரிப்பர். சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதையில் யாழும் குழலும் தண்ணுமையும் ஆடலுக்குத் துணைநின்றன. இங்கோ ஆடலே யாழாகிறது. ‘மெய்ப்பாட்டுக் கருவி’ என முன்மொழிகிறேன். அந்தப் ‘பாடு’, ‘படு’ என்னும் வினையடியில் பிறந்தது என்பதை அறிவேன். ஆயினும் மெய்யே பாடுவதாகக் கொள்ளவும் ஓசை இடந்தருகிறது.

*

புலவர் ஐயா, தொல்காப்பிய மெய்ப்பாட்டியலைத் தேர்வுக்குப் படித்த மாணவர் நகை, அழுகை முதலான எட்டையும் அந்த மேடையில் தேடத் தொடங்கிவிடுவார். தகட்டுக்கு பாவமும் முத்திரையும் தெரியாது. கார்னகி அரங்கில் அதை இசைத்த கிளாரா ராக்மோரும் நடனமணி அல்லர். வயலின் பயின்று, பின்பு, தொடாமலே கையசைவால் இசைக்கும் தெரமின் கருவிக்கு வந்தவர். ஆகவே ஆடலை விட்டுவிட்டு ‘அசைவிசைக் கருவி’ என்போம்.

*

அம்மா, தாங்கள் புணர்த்த அசைவு+இசையை வாசகர் அசை+விசை எனப் பிரிப்பார். இயற்பியல் ஆசிரியர் அதை நியூட்டனில் அளக்கக் கிளம்பிவிடுவார். இதைவிடப் பெரிய இடர் வேறொன்று. 1965இல் இசையமைப்பாளர் ஜான் கேஜும் நடன அமைப்பாளர் மெர்ஸ் கன்னிங்ஹாமும் அரங்கேற்றிய ‘வேரியேஷன்ஸ் 5’ நிகழ்ச்சியில், ராபர்ட் மோக் அமைத்த ஆண்டெனாக்களை ஆடுவோர் நெருங்கும்போதும் ஒளிமின்கலங்களின் ஒளியை மறைக்கும்போதும் மின்குறிப்பு பிறந்தது. ஆனால் ஒலிநாடாவிலும் சிற்றலை வானொலியிலும் எதை ஓடவிடுவது என்பது இசைஞர் கையில் இருந்தது. டெர்ப்சிடோனில் ஆடுபவரே இசைக்கிறார். ‘வேரியேஷன்ஸ் 5’இல் அவர் மடையைத்தான் திறக்கிறார், நீர் பிறருடையது. இரண்டுக்கும் ஒரே பெயர் பொருந்தாது.

*

அனைவருக்கும் நன்றி. அச்சகத்தார் இருமுறை அழைத்துவிட்டனர். ஒருமித்த மாற்றுப்பெயர் அமையாததால் ‘ஆடலிசைக் கருவி’ என்றே அனுப்புகிறேன். டெர்ப்சிடோனை ஒலிபெயர்த்து, 1965 நிகழ்ச்சிக்குப் பெயரிடாமல் விளக்கம் மட்டும் எழுதியுள்ளேன்.

*

என் மறுப்பு நிற்கிறது. ஆடலால் எழுப்பப்படும் இசை என்பதே பொருளெனில், அது மூன்றாம் வேற்றுமை உருபும் பயனும் உடன்தொக்க தொகை என அடிக்குறிப்பிலாவது சேர்த்துவிடுங்கள், ஐயா.